ஈவ்லின் வா: சிரிப்பே வரவில்லையே?

கேள்வி: 3 ஜூன்

ஆங்கில நகைச்சுவை எழுத்தாளர் உட்ஹவுஸைக் கையில் கிடைத்த வரைக்கும் படித்து முடித்தாயிற்று. அதே மாதிரி வேறு யார் உண்டு என்று கேட்டதற்கு ஈவ்லின் வா என்று சொன்னார்கள். அந்த அம்மையாரின் 'டிக்ளைன் அண்ட் ஃபால்' படித்தேன். பள்ளி விளையாட்டு விழாவில் ஒரு சின்னப் பையன் காலில் குண்டு பட்டு, கால் போய், கடைசியில் உயிரும் போகிறது. இதில் சிரிக்க என்ன இருக்கிறது? எனக்கு வெறும் வன்மமாகத்தான் தெரிகிறது. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

4 ஜூன், இரவு 10.40

அம்மையார் இல்லை. ஏழு பிள்ளைகளைப் பெற்ற தகப்பன்.

இந்தக் குழப்பத்தை நீங்கள் ஆரம்பித்து வைக்கவில்லை. 1928இல் அவருடைய முதல் பெரிய புத்தகம் வந்தது, ரொசெட்டி என்ற ஓவியக் கவிஞரின் வாழ்க்கை வரலாறு. அதற்கு மதிப்புரை எழுதிய டைம்ஸ் லிட்டரரி சப்ளிமென்ட் அவரை 'மிஸ் வா' ஆக்கிவிட்டது. மனிதர் கடுப்பில் பத்திரிகைக்குக் கடிதம் போட்டார். 2016இல் டைம் பத்திரிகை, கல்லூரிகளில் அதிகம் படிக்கப்படும் பெண் எழுத்தாளர்கள் என்று நூறு பேரைப் பட்டியல் போட்டு, அதில் இவரையும் உட்கார வைத்தது. இறந்து ஐம்பது வருஷம் ஆகியிருந்ததால் கடிதம் போட ஆள் இல்லை.

முதல் மனைவியின் பெயரும் ஈவ்லின். 'அவன் ஈவ்லின்', 'அவள் ஈவ்லின்' என்று நண்பர்கள் பிரித்துக் கூப்பிட்டார்கள்.

பையன் விஷயத்துக்கு நாளைக்கு வருகிறேன். தூக்கம் வருகிறது.

5 ஜூன், காலை 6.15

அந்தப் பையன் டேன்ஜென்ட் பிரபு. ஓட்டப் பந்தயத்துக்குச் சுடும் துப்பாக்கியால், நடுங்கும் கை கொண்ட ஒரு வாத்தியார் அவன் குதிகாலில் சுட்டுவிடுகிறார். வாயில் கேக்கை வைத்துக்கொண்டே 'நான் சாகப் போகிறேனா?' என்று பையன் கேட்கிறான். அதோடு கதை வேறு பக்கம் போய்விடுகிறது. பல பக்கம் தள்ளி, வேறு எதையோ பேசும்போது, கால் வீங்கிக் கறுத்துவிட்டது என்று ஒரு வரி. அப்புறம் காலை எடுத்துவிட்டார்கள் என்று ஒரு வரி. கடைசியில் அவன் அம்மா சலித்துக்கொள்கிறாள்: இந்த நேரம் பார்த்துப் பையன் போய்விட்டானே, கல்யாணத்துக்கு நான் வராமல் இருப்பது அதனால்தான் என்று ஊர் நினைக்குமே!

உட்ஹவுஸ் கதையில் யாரும் சாவதில்லை, அதில் வரும் அந்தக் குண்டுப் பன்றி உட்பட. வா கதையில் சாவு கொல்லைப்புறமாக வந்து கொல்லைப்புறமாகவே போய்விடும். நூலாசிரியர் 'ஐயோ' என்று ஒரு வார்த்தை சொல்லமாட்டார். அந்த 'ஐயோ'வை நீங்கள் சொன்னீர்கள் பாருங்கள், கோபமாக இங்கே வந்து எழுதும் அளவுக்கு. ஆக, நாவல் வேலை செய்திருக்கிறது என்பேன்.

(வன்மம் இல்லை என்று சொல்ல வரவில்லை. இருக்கிறது. யார் மேல் என்பதுதான் கேள்வி.)

5 ஜூன், இரவு

அந்தப் பள்ளிக்கூடம் கற்பனை இல்லை, கிட்டத்தட்ட. வா ஆக்ஸ்ஃபோர்டில் ஹெர்ட்ஃபோர்ட் கல்லூரியில் சரித்திரம் படிக்கப் போய், குடித்துக் கூத்தடித்து, மூன்றாம் வகுப்பில் தேறினார். ஆசிரியர் கிரட்வெல்லோடு தீராத பகை. பின்னால் எழுதிய கதைகளில் எடுபிடிக்கும் அற்பனுக்கும் எல்லாம் கிரட்வெல் என்றே பெயர் வைத்தார். புத்தகத்துக்குப் புத்தகம். பழிவாங்குவதில் இப்படி ஒரு பொறுமையை நான் பார்த்ததில்லை.

படிப்பு இந்த லட்சணம் என்றால் வேறு என்ன வேலை கிடைக்கும்? 1925இல் வட வேல்ஸில் லாண்டுலஸ் என்ற கடலோர ஊரில் வாத்தியார் வேலை. அங்கே இருந்தும் துரத்திவிட்டார்கள். ஒரு ராத்திரி துணிகளைக் கரையில் கழற்றி வைத்து, பக்கத்தில் கிரேக்க மொழியில் ஒரு மேற்கோளையும் எழுதி வைத்துவிட்டு, சாவதற்காகக் கடலுக்குள் நீந்திப் போனார். கொஞ்ச தூரத்தில் ஜெல்லிமீன் கொட்டியது. வலி தாங்காமல் திரும்பி வந்துவிட்டார். தன் வரலாற்று நூலை அந்த இடத்தில்தான் முடிக்கிறார்.

21 வயசு. தன்னுடைய சாவைக்கூட டேன்ஜென்ட்டின் காலைச் சொன்ன அதே குரலில்தான் சொல்கிறார்.

6 ஜூன்

திருத்தம். லாண்டுலஸிலிருந்து துரத்தினார்கள் என்று எழுதியது தப்பு. தானாகத்தான் விட்டார். பிரெஞ்சு நாவலாசிரியர் புரூஸ்டை மொழிபெயர்த்த ஸ்காட் மான்கிரீஃபிடம் இத்தாலியில் செயலாளர் வேலை கிடைக்கும் என்று நம்பி ராஜினாமா கொடுத்தார். அந்த வேலை கைகூடவில்லை. எழுதி வைத்திருந்த முதல் நாவலை நண்பன் ஹெரால்ட் ஆக்டன் நன்றாக இல்லை என்று சொல்ல, அதையும் எரித்தாயிற்று. அதற்கப்புறம்தான் கடல். அவரைத் துரத்தியது ஆஸ்டன் கிளின்டன் என்ற இன்னொரு பள்ளி, 1927இல், குடிபோதையில் மேட்ரனிடம் தகாத முறையில் நடந்துகொண்டதற்காக.

7 ஜூன், மதியம்

நீங்கள் 'ஸ்கூப்'பில் ஆரம்பித்திருக்க வேண்டும். எனக்கு அது வேறு மாதிரி வலித்த புத்தகம், ஏனென்றால் நான் ஒரு நாளிதழில் ஆறு வருஷம் ராத்திரி டெஸ்க்கில் உதவி ஆசிரியராக இருந்தவன்.

கதை இதுதான். லண்டனில் 'டெய்லி பீஸ்ட்' பத்திரிகை. போர் நடக்கப் போகும் ஆப்பிரிக்க நாட்டுக்கு ஜான் பூட் என்ற பிரபல நாவலாசிரியரை அனுப்பச் சொல்லி முதலாளிக்குப் பரிந்துரை வருகிறது. கீழே இருப்பவர்கள் பெயர் குழம்பி, அதே பத்திரிகையில் வாரம் ஒரு முறை செடி கொடி, பறவை பற்றிக் கட்டுரை எழுதும் வில்லியம் பூட்டைப் பிடித்து அனுப்பிவிடுகிறார்கள். ஆபீஸிலிருந்து தந்தி வந்ததும் அவர் நடுங்குகிறார். அவருடைய தங்கை குறும்பாகக் கட்டுரையில் 'பேட்ஜர்' (வளை தோண்டும் ஒரு விலங்கு) என்று வந்த இடத்திலெல்லாம் கொண்டை வைத்த ஒரு நீர்ப்பறவையின் பெயரைப் போட்டுவைத்திருந்தாள். வேலையை விட்டு நிறுத்தத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைக்கிறார்.

முதலாளி காப்பர் பிரபு. அவரிடம் யாரும் 'இல்லை' என்று சொல்லக் கூடாது. அவர் சொல்வது சரியென்றால் 'நிச்சயமாக, பிரபுவே'. தப்பென்றால் 'ஓரளவுக்கு, பிரபுவே'. ஜப்பானின் தலைநகரம் யோகஹாமா தானே? ஓரளவுக்கு, பிரபுவே.

எங்கள் ஆபீஸிலும் இது உண்டு. 'ஓரளவுக்கு' என்ற இடத்தில் 'பண்ணிடலாம் சார்'. அதற்கு அர்த்தம் ஒருநாளும் நடக்காது என்பது.

ஒரு புயல் ராத்திரி. மாவட்டத்து நிருபர் போனில் இருந்தார். 'உயிரிழப்பு எத்தனை?' என்று மேலே இருந்தவர் கேட்கச் சொன்னார். இல்லை என்றார் நிருபர். நான் திரும்பிச் சொன்னேன். 'அப்போ ஆடு மாடு எத்தனைன்னு கேள்.' ஏழு ஆடு. அதைத் தலைப்பில் போட்டோம். யாரும் சாகவில்லையே என்று அந்த அறையில் இருந்த ஏமாற்றம் இன்னும் என் நினைவில் இருக்கிறது. எனக்கும் அது இருந்தது.

7 ஜூன், மறுபடியும்

தந்தி பற்றிச் சொல்ல மறந்தேன். வா 1935இல் டெய்லி மெயிலுக்காக நிஜமாகவே அபிசீனிய (அதாவது எத்தியோப்பிய) போருக்குச் செய்தியாளராகப் போனவர். தந்திக்கு வார்த்தைக் கணக்கில் காசு என்பதால் வார்த்தைகளை ஒட்டவைத்து அனுப்புவார்கள். அடோவாவில் குண்டுவீச்சில் ஒரு அமெரிக்க நர்ஸ் சிதறிவிட்டதாக வதந்தி. பெயர், வாழ்க்கைக் கதை, படம் உடனே அனுப்பு என்று லண்டனிலிருந்து தந்தி வந்ததாம். அவர் விசாரித்துப் பதில் போட்டாராம், தமிழில் சொன்னால்: 'நர்ஸ் சிதறாதவர்.' இரண்டே வார்த்தை.

நல்ல செய்தியாளர் என்று நினைத்துவிடாதீர்கள். அந்தப் போரின் பெரிய செய்தி, ரிக்கெட் என்பவர் எத்தியோப்பியாவில் வாங்கிய எண்ணெய் உரிமை. ரிக்கெட்டோடு ஒரே கப்பலில் போனவர் நம் ஆள். ஏதோ நடக்கிறது என்று மோப்பமும் பிடித்திருந்தார். ஆனால் செய்தி வெளியான நேரத்தில் அடிஸ் அபாபாவிலேயே இல்லை, ஊர் சுற்றப் போயிருந்தார். வேறு பத்திரிகைக்காரர்கள் கொத்திக்கொண்டு போய்விட்டார்கள். செய்தியைத் தவறவிட்டவர்தான் 1938இல் செய்தியாளர்களைப் பற்றி இந்த நாவலை எழுதினார்.

9 ஜூன்

இங்கே ஒருவர் கேட்டிருக்கிறார்: அவருடைய ஆப்பிரிக்க நாவல்களில் இருக்கும் இனத்திமிரைப் பற்றி ஏன் வாயே திறக்கவில்லை?

திறக்கிறேன். இருக்கிறது. 'பிளாக் மிஸ்சிஃப்', 1932. அசானியா என்று ஒரு கற்பனைத் தீவு நாடு. ஆக்ஸ்ஃபோர்டில் படித்துவிட்டு வந்த ராஜா நாட்டை ஒரே வீச்சில் நவீனமாக்க நினைக்கிறார். அதற்கென்றே ஒரு அமைச்சகம். படை வீரர்களுக்கு பூட்ஸ் கொடுத்தால் சமைத்துச் சாப்பிட்டுவிடுகிறார்கள். கறுப்பர்களைப் பற்றிய சொற்கள் சில இடங்களில் வாயில் வைக்க முடியாதவை. அந்தக் காலம் அப்படி என்று தள்ளிவிட எனக்கு மனசு வரவில்லை. அந்தக் காலத்திலேயே அப்படி எழுதாதவர்கள் இருந்தார்கள். பிரிட்டிஷ் தூதரையும் குளியல் தொட்டியில் ரப்பர் பாம்பு வைத்து விளையாடும் அசடாகத்தான் காட்டுகிறார். ஆனால் அசட்டுத் தூதருக்கு ஒரு முகம் இருக்கிறது. பூட்ஸ் தின்றவர்களுக்கு முகம் இல்லை.

இவ்வளவையும் சொல்லிவிட்டு ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். அதில் ஒரு கர்ப்பத்தடைச் சுவரொட்டி வரும். ஒரு பக்கம் வறுமை, நோஞ்சான் குடும்பம், பதினொரு பிள்ளை. மறுபக்கம் வசதியான வீடு, ஒரே பிள்ளை. நடுவில் அந்தச் சாதனம். ஜனங்கள் பார்த்துவிட்டுப் புரிந்துகொள்வது நேர்மாறாக: பாவம் இந்தப் பணக்காரன், ஒரே பிள்ளை, இந்த மந்திரச் சாமானை வாங்கினால் அந்தப் பக்கத்து ஆள் மாதிரி பதினொன்று பிறக்கும்!

நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையச் சுவரில் சிவப்பு முக்கோணமும் சிரித்த முகக் குடும்பமும் வரைந்திருப்பார்கள். அந்த வழியாகப் போகும்போதெல்லாம் எங்கள் அப்பத்தா நின்று பார்த்துவிட்டு, 'பாவம், ரெண்டோட நின்னு போச்சே' என்று உச்சுக் கொட்டும். ஒன்பது பெற்று ஐந்தைப் பிழைக்கவைத்தது அது. அசானியா பக்கத்தைப் படித்தபோது விழுந்து விழுந்து சிரித்தேன். அப்புறம், அப்பத்தாவைப் பார்த்தா சிரித்தேன் என்று ஒரு சங்கடம். அப்பத்தா சொன்னது முட்டாள்தனமே இல்லை. நாலு பிள்ளையைப் புதைத்தவளுக்கு 'இரண்டு போதும்' என்பதுதான் முட்டாள்தனம். வா அங்கே வரைக்கும் போகவில்லை. அவர் ஜோக்கோடு நின்றுவிட்டார்.

5ஆம் தேதி எழுதியதைக் கொஞ்சம் மாற்றிக்கொள்கிறேன். 'ஐயோ'வை வாசகரிடம் விட்டுவிடுகிறார் என்றேன். எல்லார் விஷயத்திலும் விடுவதில்லை.

12 ஜூன், இரவு வெகுநேரம்

'எ ஹேண்ட்ஃபுல் ஆஃப் டஸ்ட்', 1934. மற்றதெல்லாம் படிக்காவிட்டாலும் இதைப் படியுங்கள். 'அவள் ஈவ்லின்' கல்யாணமான ஒரு வருஷத்திலேயே வேறொருவரோடு போய்விட்டார். 1930இல் இவர் கத்தோலிக்கரானார். திருச்சபை அந்தத் திருமணத்தை ரத்துசெய்து, இவர் லாரா ஹெர்பர்ட்டை மணக்க 1937 ஆயிற்று. நடுவில் எழுதியது இது.

டோனி லாஸ்ட் என்று ஒரு அப்பாவி. பழைய கோட்டை மாதிரி வீடு, மனைவி பிரெண்டா, ஒரே பையன் ஜான் ஆண்ட்ரூ. பிரெண்டாவுக்கு லண்டனில் ஜான் பீவர் என்ற உதவாக்கரையோடு தொடர்பு. பையன் குதிரையிலிருந்து விழுந்து சாகிறான். ஒருவர் லண்டனுக்குப் போய் 'ஜான் இறந்துவிட்டான்' என்று பிரெண்டாவிடம் சொல்கிறார். அவள் காதலன் என்று நினைத்துவிடுகிறாள். விவரம் கேட்டு, இறந்தது தன் பிள்ளை என்று தெரிந்ததும் அவள் வாயிலிருந்து வருவது: கடவுளுக்கு நன்றி. சொன்ன மறுகணம் உடைந்து அழுகிறாள்.

இந்த இடத்தில் நூலாசிரியர் ஒரு வார்த்தை கூடப் பேசவில்லை. வேறு யாராவது எழுதியிருந்தால் அவள் மனசுக்குள் புகுந்து மூன்று பக்கம் துழாவியிருப்பார்கள். நான் புத்தகத்தை மூடிவிட்டு மொட்டை மாடிக்குப் போய் நின்றேன்.

முடிவு இன்னும் கொடூரம். டோனி தென்னமெரிக்கக் காட்டில் வழிதவறி, டாட் என்ற கிழவரிடம் மாட்டுகிறார். கிழவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது, டிக்கன்ஸ் என்றால் உயிர். டோனி தினமும் வாசித்துக் காட்ட வேண்டும். தேடி வந்தவர்களைக் கிழவர் தந்திரமாகத் திருப்பி அனுப்பிவிடுகிறார். அவ்வளவுதான், ஆயுள் முழுக்க டிக்கன்ஸ். வா குடும்பத்தில் டிக்கன்ஸ் என்பது சோறு போட்ட பெயர் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். அவருடைய அப்பா நடத்திய சாப்மன் அண்ட் ஹால்தான் டிக்கன்ஸின் பதிப்பகம். வீட்டில் பிள்ளைகளுக்கு உட்காரவைத்து உரக்க வாசிப்பது அப்பாவின் வழக்கம்.

எங்கள் தாத்தாவுக்குக் கண் மங்கியபின் வாரப் பத்திரிகைத் தொடர்கதைகளை நான்தான் வாசித்துக் காட்டுவேன். விளையாடப் போகும் அவசரத்தில் ஒரு பத்தியைத் தாண்டினால், 'நடுவுல என்னமோ விட்டுட்டியே' என்பார், கண்ணை மூடிக்கொண்டே. அந்தக் குரல் எனக்கு டாட் பேசும்போதெல்லாம் கேட்கிறது. தாத்தா நல்லவர்தான். டாட்டும் மரியாதையாகத்தான் பேசுவார்.

13 ஜூன்

அமெரிக்கப் பத்திரிகையில் தொடராக வந்தபோது இந்த முடிவு கிடையாது. டாட் பகுதி முன்பே தனிச் சிறுகதையாக அங்கே வந்துவிட்டதால், டோனி வீடு திரும்பும் வேறொரு முடிவை எழுதிக் கொடுத்தார். நான் அதையும் படித்தேன். தேவையில்லை.

20 ஜூன்

வாழைப்பழக் கதையை யாரோ கேட்டிருந்தீர்கள்.

போர் முடிந்த சமயம். இங்கிலாந்தில் வருஷக்கணக்காக வாழைப்பழமே கிடையாது. குழந்தைகளுக்குத் தலைக்கு ஒன்று என்று அரசாங்கம் கொடுத்தது. மூன்று பிள்ளைகளுக்காக லாரா மூன்று பழத்தோடு வந்தார். அப்படி ஒரு பழம் இருப்பதைக் கேள்விப்பட்டு மட்டுமே வளர்ந்த பிள்ளைகள். வா மூன்றையும் தன் தட்டில் போட்டு, கிடைப்பதற்கே அரிதான கிரீமும் ரேஷன் சர்க்கரையும் கொட்டி, அவர்கள் கண்முன்னே தின்று முடித்தார். மூத்த பையன் ஆபரன் 1991இல் எழுதிய தன்வரலாற்றில் இதைச் சொல்கிறார். அன்றிலிருந்து மதம், ஒழுக்கம் பற்றி அப்பா சொன்ன எதையும் தான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை என்கிறார்.

கொல்லையில் தார் தாராகத் தொங்கும் ஊரில் இருந்துகொண்டு இதன் கனத்தை உணர்வது கஷ்டம். தீபாவளிக்கு வந்த ஒரே ஸ்வீட் டப்பாவை அப்பா மட்டும் தின்றால் எப்படியிருக்கும் என்று யோசித்தேன்.

20 ஜூன், பத்து நிமிஷம் கழித்து

வீட்டு கேட்டில் வா மாட்டியிருந்த பலகை: 'வேலையாக வருபவர்களுக்கு அனுமதி இல்லை.' நம் ஊரில் 'வேலையில்லாதவர்கள் உள்ளே வரக் கூடாது' என்றுதானே இருக்கும்? சொல்லாமல் வந்து நின்ற ஒரு பத்திரிகைக்காரியோடு கூட வந்த பிரபு, 'நான் வேலையாக வரவில்லை, நான் பிரபுக்கள் சபை உறுப்பினர்' என்றாராம்.

28 ஜூன்

கொழும்பு நண்பர் கேட்டதற்கு: ஆமாம், 1954இல் அங்கே வந்திருக்கிறார். வந்த விதம்தான் விசேஷம்.

தூக்கத்துக்காகக் குளோரலும் புரோமைடும் கலந்து வருஷக்கணக்காகக் குடித்தவர், கூடவே மதுவும். குளிருக்குத் தப்பி இலங்கைக்குக் கப்பல் ஏறினார். கப்பலில் குரல்கள் கேட்க ஆரம்பித்தன. சுவருக்குப் பின்னாலிருந்து, குழாய்க்குள்ளிருந்து. எல்லாம் அவரைப் பற்றியே, எல்லாம் அவதூறு. பொறுக்க முடியாமல் எகிப்தில் இறங்கி, விமானத்தில் கொழும்புக்குப் போனார். குரல்களும் கூடவே வந்தன. ஊர் திரும்பியபின் மருத்துவர் மருந்தை மாற்றினார், நின்றுவிட்டன.

வேறொருவராக இருந்தால் இதை வெளியே சொல்லியிருக்கமாட்டார்கள். இவர் 1957இல் 'தி ஆர்டீல் ஆஃப் கில்பர்ட் பின்ஃபோல்ட்' என்று நாவலாகவே போட்டார். முதல் அத்தியாயம் முழுக்கத் தன் சித்திரம்: பிளாஸ்டிக், பிக்காஸோ, வெயில் காய்வது, ஜாஸ், சுருக்கமாகத் தன் ஆயுளில் நடந்த எல்லாவற்றையும் வெறுக்கும் ஐம்பது வயது எழுத்தாளர். அரைக் கிறுக்குப் பேராசிரியரும் சிடுசிடு கர்னலும் கலந்த ஒரு வேஷத்தைப் போட்டு, கடைசியில் அதைக் கழற்ற முடியாமல் போனவர். அப்புறம் குரல்கள் ஒவ்வொன்றாக வந்து அவரைக் குடிகாரன், பாசிஸ்ட், போலி என்கின்றன. டேன்ஜென்ட்டுக்குக் கிடைத்த இரக்கம்தான் இவருக்கும், அதாவது கிடையாது.

யார் மேல் வன்மம் என்று கேட்டேன் அல்லவா? இந்தப் புத்தகத்தைப் படித்தபின்தான் எனக்கு அவர்மேல் ஒரு மாதிரி மரியாதை வந்தது. பிடித்துப்போனது என்று சொல்லமாட்டேன்.

அந்தப் புத்தகத்துக்காக லண்டனில் நடந்த விருந்தில், பத்திரிகையாளர் மால்கம் மகரிட்ஜ் பேச எழுந்ததும், வா காது கேட்பதற்காக வைத்திருந்த பழங்காலத்துக் குழலை எடுத்து மேசையில் வைத்துவிட்டாராம். பேச்சு முடிந்ததும் திரும்ப எடுத்துக்கொண்டார்.

2 ஜூலை

உட்ஹவுஸில் தொடங்கினீர்கள், அதையும் சொல்லிவிடுகிறேன். போர்க்காலத்தில் ஜெர்மானியர்களிடம் சிக்கிய உட்ஹவுஸ், 1941இல் பெர்லின் வானொலியில் அசட்டுத்தனமாகப் பேசினார். ஒரு பத்திரிகையாளர் பிபிசியில் அவரைத் துரோகி என்று கிழித்தார். சரியாக இருபது வருஷம் கழித்து, 1961 ஜூலை 15 அன்று, அதே பிபிசியில் உட்ஹவுஸுக்காக மன்னிப்புக் கேட்கும் விதமாக ஒரு பேச்சு. பேசியவர் வா. நாள் பார்த்துப் பேசியிருக்கிறார். கிரட்வெல் விஷயத்தில் பார்த்த அதே ஞாபகசக்தி.

11 ஆகஸ்ட்

இடையில் வரமுடியவில்லை. கேள்வி கேட்டவர் 'ஸ்கூப்' முடித்துவிட்டதாகவும் பறவைப் பெயர் மாறும் இடத்தில் ரயிலில் சத்தமாகச் சிரித்ததாகவும் எழுதியிருக்கிறார். ஏழு ஆடுகளுக்கு என் அனுதாபம் என்றும் ஒரு வரி. சரி.

'பிரைட்ஸ்ஹெட் ரிவிசிட்டட்' நாவல் பற்றி ஏன் எழுதவில்லை என்று இருவர் கேட்கிறார்கள். 1944இல், பாராசூட்டில் குதித்துக் காலை உடைத்துக்கொண்டபின், விடுப்பு வாங்கி எழுதியது. எனக்கு அதில் சர்க்கரை கூடுதல். அவருக்கே பின்னால் அப்படித் தோன்றி, போர்க்காலப் பசியில் எழுதியது என்று சொல்லித் திருத்தவும் செய்தார்.

இந்த வாழைப்பழக் குறிப்பை வீட்டில் வாசித்துக் காட்டினேன். நான் ஆபரனின் வருத்தம், ரேஷன், கிரீம் என்று விளக்கிக்கொண்டிருந்தேன். என் மனைவி கேட்டது ஒன்றே ஒன்று: 'அந்த லாரா ஏன் ஒரு பழத்தையாவது மடியில ஒளிச்சு வைக்கல?'

எனக்கு அது தோன்றவே இல்லை.